மிளகின் ஈறு

சனிக்கிழமை காலை எங்கள் அடுக்ககத்து நாய்கள் எல்லாம் ஊசிக்கு வரிசையில் நிற்கும். சுவர்களைப் பூஞ்சையால் வளர்க்கத் தொடங்கிய பிறகு வீடுகள் ஏசி இல்லாமலே குளிர்ந்தன. நாய்களுக்குத்தான் ஓயாத அரிப்பு. அதே பூஞ்சையைத் துளித்துளியாக ஏற்றி உடம்பைப் பழக்கும் ஊசி இது. வாரத்துக்கு வாரம் அளவு கூடும். ஊசி தவறினால் நாயை வீட்டில் வைத்திருக்க முடியாது.

என் நாய் மிளகின் முறை வந்ததும் சுவரில் இருந்த திரை சொன்னது: "சென்ற வார எதிர்வினை: இல்லை. இன்று அளவு: இரட்டிப்பு."

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. சென்ற வாரம் ஊசி போட்டு வீடு போய்ச் சேர்வதற்குள் மிளகு வாந்தி எடுத்தது. முகம் வீங்கிக் கண் மூடிக்கொண்டது. உதட்டைத் தூக்கிப் பார்த்தால் ஈறு வெளுத்துக் கிடந்தது. அள்ளிக்கொண்டு ஓடிவந்தேன். டாக்டர் யூஜின் அட்ரினலின் போட்டுப் பிழைக்கவைத்தார். அவ்வளவு நேரமும், உடல்நிலையைக் கண்காணிக்க அதன் கழுத்தில் மாட்டிய கழுத்துணரியில் எல்லாம் சரி என்று பச்சை விளக்குதான் எரிந்தது. அந்த அட்ரினலினுக்குப் பதிவேட்டில் இருந்த காரணம்: "உரிமையாளரின் பதற்றம்."

"டாக்டர், அளவக் குறைங்க."

"முடியாது தில்ஷாத் மேடம். கழுத்துணரி செவப்பு காட்டினாத்தான் அளவு எறங்கும். மனுஷன் கண்ணால பாத்தத இந்த எந்திரம் எடுத்துக்காது."

"நீங்களும் பாத்தீங்கதானே?"

"பாத்தேன்." அவர் குரல் இறங்கியது. "அளவுல கைய வெச்சா என் லைசென்ஸ் போயிடும்."

நான் மிளகை மடியில் வைத்துக்கொண்டு ஊசி மேசைமீதே ஏறி உட்கார்ந்தேன். "அப்ப நான் எறங்க மாட்டேன்."

வரிசை முணுமுணுத்தது. பின்னால் நின்ற லிப்ட் மெக்கானிக் வேலாயுதம் புதுக் குட்டியோடு முன்னால் வந்தார். திட்டப்போகிறார் என்று நினைத்தேன்.

"என் ராணி ஊசி போட்ட அன்னிக்கே செத்துச்சு டாக்டர். செத்தப்பவும் பச்சைதான் எரிஞ்சுது. அந்தம்மா சொல்றதக் கேளுங்க."

யூஜின் மேசைக்குப் பின்னால் போனார். பிறகு ஊசி எந்திரத்தின் வயரைப் பிடுங்கினார். கையாலேயே மருந்தை இழுத்து மிளகுக்குப் போட்டார், போன வார அளவில் கால்வாசி. ஒரு தாளில் எழுதிக் கையெழுத்துப் போட்டுச் சுவரில் ஒட்டினார்: 'எதிர்வினை உண்டு. நான் பார்த்தேன்.'

"அரை மணி நேரம் யாரும் போகாதீங்க. அஞ்சு நிமிஷத்துக்கு ஒரு தரம் ஈறப் பாருங்க."

நான்காவது நிமிடம் திரை எங்களை வெளியேறச் சொன்னது. யாரும் எழவில்லை. ஊசி போட்ட நாய்களின் சொந்தக்காரர்கள் தரையில் உட்கார்ந்து அவற்றின் உதட்டைத் தூக்கிப் பார்த்தார்கள். ராணிக்கு இதைச் செய்யத் தனக்குத் தெரியாமல் போயிற்றே என்று வேலாயுதம் அழுதார்.

பதினேழாவது நிமிடம் எங்களை வெளியேற்றக் காவலாளிகள் இரண்டு பேர் வந்தார்கள். மிளகின் ஈறு இளஞ்சிவப்பாகவே இருந்தது. நான் விரலை எடுக்கவில்லை.

"இன்னும் பதிமூணு நிமிஷம் இருக்கு தம்பி," என்றேன். "உக்காருங்க."