இருநூறு நாள் நோட்டு

“எம் மகளை நாளைக்கு ஸ்டேஷன்ல ஒப்படைக்கப் போறாகளாம் மேடம்” என்று சொல்லிக்கொண்டே உள்ளே வந்தார் பஞ்சம்மாள். ஓடைப்பட்டித் திராட்சைத் தோட்டத்திலிருந்து நேரே பஸ் ஏறியிருக்க வேண்டும். விரல்களில் கறை காய்ந்து கறுத்திருந்தது.

தேனியில் ஒரு கல்லூரியின் கணிதத் துறை அறை அது. பங்குச் சந்தை விலைகள் எந்த அளவுக்குத் தற்செயலாக ஏறி இறங்குகின்றன என்று பத்து வருடமாக ஆராய்பவர் பேராசிரியர் வேல்விழி. இரண்டு மோசடி வழக்குகளில் போலீசுக்கு உதவியவர். அவற்றைச் செய்தியாக்கிய நிருபர் மாரிசெல்வம் எதிரே உட்கார்ந்திருந்தான். ‘ஸ்டேஷன்’ என்ற சொல் காதில் விழுந்ததுமே நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டான்.

கம்பத்தில் ஆதித்தன் என்பவர் டிரேடிங் ஆபீஸ் நடத்திவந்தார். சந்தையில் போட்டுப் பெருக்கித் தருவதாக ஓடைப்பட்டியில் முப்பத்தோரு குடும்பங்களிடம் பணம் வாங்கியிருந்தார். அந்த ஆபீஸில் வேலை பார்த்த ஒரே ஆள் பஞ்சம்மாளின் மகள் அனுஷ்கா. இப்போது பணம் மொத்தமும் போய்விட்டது. ஆபீஸை நம்பி விட்டுப்போன நேரத்தில் அனுஷ்கா தன் இஷ்டத்துக்கு வாங்கி விற்றுத் தோற்றுவிட்டாள் என்பது ஆதித்தனின் புகார். அதற்குச் சாட்சி ஒரு நோட்டு.

பஞ்சம்மாள் அதன் ஜெராக்ஸை நீட்டினார். தேதி வாரியாகக் கட்டம் போட்ட இருநூறு நாட்கள். லாபம் வந்த நாளுக்கு டிக், நட்டத்துக்குப் பெருக்கல் குறி.

“எழுத்து உங்க மகளோடதுதானா?”

“அவ எழுத்துத்தேன். அவரு போன்ல சொல்லச் சொல்ல எழுதுனேங்கிறா. யாரு நம்புறாக?”

மாரிசெல்வமும் நம்பவில்லை. ஒரு மெசேஜ்கூட இல்லாமல் எல்லாமே வாய்ச் சொல்லாம். தோதான பொய்யாக அவனுக்குப் பட்டது.

வேல்விழி தாள்களை இரண்டு முறை புரட்டினார். “போன தீபாவளி திங்கட்கிழமைதானே?”

“ஆமாங்க. அன்னைக்கு ஆபீஸ் லீவு.”

அந்தத் திங்கட்கிழமைக் கட்டம் காலியாக இருந்தது. செவ்வாயும் புதனும் டிக். “நாளைக்கு நானும் ஓடைப்பட்டிக்கு வர்றேன்” என்றார் வேல்விழி.

மறுநாள் காலை ஓடைப்பட்டிக்குக் காரை ஓட்டியவர், மாரிசெல்வத்திடம் ஒரு நாணயத்தையும் பேப்பரையும் கொடுத்தார். “சுண்டிச் சுண்டி எழுதிக்கிட்டே வாங்க. பூவா தலையா, அவ்வளவுதான்.”

சின்னமனூர் தாண்டியதும் அவன் கத்தினான். “மேடம், தொடர்ந்து ஏழு தலை! காசுல ஏதோ கோளாறு.”

“காசு நல்ல காசுதான். எழுதுங்க.”

திராட்சைப் பெட்டி கட்டும் கொட்டகையில் ஊரே கூடியிருந்தது. ஸ்டேஷனுக்குக் கூட்டிப்போகும் முன் விசாரிக்க வந்திருந்த எஸ்.ஐ. பாண்டீஸ்வரி நாற்காலியில் இருந்தார். ஓரமாகத் தலை குனிந்து நின்ற அனுஷ்காவைப் பலரும் எரிப்பதுபோலப் பார்த்தார்கள். வெள்ளைச் சட்டையில் ஆதித்தன் மட்டும் அமைதியாக இருந்தார்.

“இந்த நோட்டு சரியானதுதானா?” என்று அவரிடம் கேட்டார் வேல்விழி.

“ஒவ்வொரு வரியையும் கணக்கோட ஒத்துப் பார்த்துட்டேன் மேடம். அத்தனையும் இந்தப் பிள்ளை போட்ட ஆர்டர்தான்.”

“ஆர்டர் போட நீங்க இவளுக்குக் குடுத்த பாஸ்வேர்டை வச்சுப் பணத்தை வெளியே எடுக்க முடியுமா?”

“முடியாது. எடுத்தா என் பேங்க் கணக்குக்குத்தான் வரும். அதனாலதான் திருடுனாள்னு நான் சொல்லல. வெவரம் தெரியாம தோத்துட்டா, பாவம்.”

கூட்டத்தில் சிலர் அவருடைய பெருந்தன்மைக்குத் தலையாட்டினார்கள்.

“செல்வம், நீங்க எழுதுனதை வாசிங்க” என்றார் வேல்விழி. ஏழு தலை ஓரிடத்தில், ஐந்து பூ இன்னோரிடத்தில் வந்திருந்தன. “சந்தையோட தினசரி ஏற்ற இறக்கமும் ஏறக்குறைய இப்படித்தான். தற்செயல்னா ஒரே பக்கம் கொத்துக்கொத்தா விழும். ஆனா மனுசன் மனசுல இருந்து எடுத்து எழுதினா, மூணு நட்டம் சேர்ந்தாலே கை கூசும். நாலாவதா ஒரு லாபத்தைப் போடும். இந்த நோட்டுல இருநூறு நாள்ல ஒரு தடவைகூட நாலு டிக்கோ நாலு பெருக்கலோ சேர்ந்து வரல. கோடிப் பேர் இருநூறு தடவை சுண்டினா ஒருத்தருக்கு இப்படி அமையலாம், அமையாமலும் போகலாம்.”

“கணக்கு டீச்சர் கதை சொல்றாக” என்று சிரித்தார் ஆதித்தன்.

“சரி, கணக்கு வேண்டாம். நம்மூர்த் தீபாவளித் திங்கட்கிழமை சந்தை திறந்திருந்துச்சு. பங்குச் சந்தைக்கு மறுநாள்தான் பண்டிகை. புதன்கிழமை முழு லீவு. ஆனா உங்க நோட்டுல திங்கள் காலி, புதன் லாபம். பூட்டிக் கிடந்த சந்தையில வந்த லாபத்தை எந்தக் கணக்கோட ஒத்துப் பார்த்தீங்க?”

ஆதித்தனின் சிரிப்பு நின்றது.

வேல்விழி கூட்டத்தைப் பார்த்துத் திரும்பினார். “வியாபாரமே நடக்கல. நடக்காத வியாபாரத்துல யாரும் தோற்க முடியாது. அப்படின்னா பணம் எடுக்கப்பட்டிருக்கணும். எடுக்கக்கூடியவர் யாருன்னு அவரே இப்பச் சொன்னாரு. அனுஷ்காவால தோற்க மட்டும்தான் முடியும்.”

எஸ்.ஐ. கையை நீட்டினார். “போனைக் குடுங்க. கணக்கைத் திறந்து காட்டுங்க.”

ஆதித்தன் சட்டைப் பையைத் தொட்டார். பிறகு வாசலைப் பார்த்தார். அங்கே பத்துப் பதினைந்து பேர் அடைத்து நின்றார்கள். அவர் திறந்து காட்டிய கணக்கில் பத்து மாதமாக ஒரு வாங்கல் விற்றல்கூட இல்லை. பணம் குமுளிப் பக்கம் ஏலக்காய்த் தோட்டமாகிவிட்டதை ஸ்டேஷனுக்குப் போகும் முன்பே அவர் ஒப்புக்கொண்டார். பஞ்சம்மாளைச் சுற்றிப் பெண்கள் கூடிக்கொண்டார்கள். முந்தின நாள் அவரைத் திட்டியவர்களே இப்போது தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தார்கள்.

வேல்விழியும் மாரிசெல்வமும் காருக்கு வந்தபோது பின்னால் ஓடிவந்தாள் அனுஷ்கா. நன்றி சொல்ல வருகிறாள் என்றுதான் அவன் நினைத்தான்.

“மேடம், அந்தப் புதன்கிழமை லீவுன்னு எனக்குத் தெரியும். டிவியில போட்டாங்க. அவர்ட்டக் கேட்டேன். ‘சொன்னதை எழுது’ன்னாரு. மறு மாசம் சம்பளத்துல ரெண்டாயிரம் கூட்டிக் குடுத்தாரு. நானும் வாயை மூடிக்கிட்டேன்.”

மாரிசெல்வம் எழுதிக்கொண்டிருந்த பேனாவை மூடினான்.

“இதை நான் யார்ட்டயும் சொல்லப் போறதில்ல” என்றார் வேல்விழி. “எஸ்.ஐ. இன்னும் கிளம்பல.”

அனுஷ்கா கொட்டகைப் பக்கம் பார்த்தாள். அம்மா யாரிடமோ கையை ஆட்டிப் பேசிக்கொண்டிருந்தார். துப்பட்டாவால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, போலீஸ் ஜீப்பை நோக்கி நடந்தாள்.