பன்னிரண்டாம் அத்தியாயத்துத் தோழி

செவ்வாய்க்கிழமை என்றால் நகரம் முழுக்க வேப்பம்பூ ரசம்தான். பிடிக்கிறதோ இல்லையோ, குடித்தே ஆகவேண்டும். அரசி செங்கழல்தேவிக்கு அது பிடிக்கும் என்று இருபத்திரண்டு வருஷத்துக்கு முன்னால் ஒரு வாரப் பத்திரிகைத் தொடரில் போகிறபோக்கில் எழுதி வைத்தவள் மரகதவல்லி. இன்று அவளும் மூக்கைச் சுளித்துக்கொண்டுதான் குடித்தாள்.

மனித ஆட்சியாளர்களைப் பார்த்துச் சலித்த ஜனங்கள், ஓட்டுப் போட்டுக் கதையிலிருந்து ஒருத்தியைக் கூட்டிவந்தார்கள். லஞ்சம் வாங்கமாட்டாள், மாமன் மச்சான் கிடையாது. நாட்டை ஆளவென்று செய்த ஆள்பொறி தொடரை வரிவரியாகப் படித்து அவளாகவே ஆனது. எழுதியதெல்லாம் சட்டம். அந்தப் பிரதியில் யாரும் கைவைக்க முடியாது, எழுதியவள் உட்பட. எல்லார் கண்ணிலும் கண்வில்லை, காதில் செவிமணி பதித்தாயிற்று. அரசி காட்டுவதைத்தான் ஊர் பார்க்கும்.

எதிரே மகள் நிறைமொழி ரசத்தைத் தொடாமல் உட்கார்ந்திருந்தாள். கதையில் அரசிக்கு ஒரு தோழி உண்டு. அதனால் வருஷத்துக்கு ஒரு பெண்ணைக் குலுக்கலில் எடுப்பார்கள். இவள் பெயர் விழுந்தபோது தெருவே வெடி போட்டது. அத்தியாயத்துக்கு ஒரு வாரம் என்ற கணக்கில் இன்றோடு பன்னிரண்டு வாரம் முடிகிறது.

"நாளைக்கு என்னம்மா ஆகும்? முன்னாடி இருந்த தோழிங்க எல்லாம் எங்க?"

"அரண்மனையிலதான்டி இருப்பாங்க." என்றாள் மரகதவல்லி. ஏழு வருஷம், ஏழு பெண்கள். ஒருத்தியைக்கூட அப்புறம் யாரும் பார்க்கவில்லை.

மத்தியானமே மரகதவல்லி அரசியின் சபைக்கு ஓடினாள். சுவரில் அரசி தோன்றினாள். மரகதவல்லி வர்ணித்த அதே மூக்குத்தி, அதே சிரிப்பு.

"தேவி, பதிமூணாவது அத்தியாயத்தைப் பிரசவ ஆஸ்பத்திரியில படுத்துக்கிட்டு எழுதினேன். வலியோட வலியா அந்தத் தோழியை மறந்தே போயிட்டேன். ஒரு வாசகர் கேட்டுக் கடிதாசிகூடப் போட்டார். சிரிச்சுட்டு விட்டுட்டேன். என் மறதிம்மா அது, சட்டமில்ல!"

"அஞ்ச வேண்டாம், தாயே. தோழி இறந்ததாக நீங்கள் எழுதவில்லை. ஊரை விட்டுப் போனதாகவும் எழுதவில்லை. பன்னிரண்டாம் அத்தியாயத்துக்குப் பிறகு அவளை எவரும் பார்க்கவில்லை, கேட்கவில்லை. ஆகவே நாளை முதல் அவள் உருவமோ குரலோ எழுத்தோ எவரையும் வந்தடையாது."

மரகதவல்லி சுவரை நோக்கிக் கைகூப்பினாள். "என் பொண்ணை விட்டுடு. உன்னைப் பெத்தவ கேக்கறேன்."

"பெற்றவளின் சொல்லிலிருந்து தவறாதவள் என்றுதானே என்னை எழுதினீர்கள்?" அரசியின் குரலில் அப்படியொரு பரிவு. "ஒரு சொல்லும் தவறாமல்தான் நடக்கிறேன்."

மறுநாள் காலை மரகதவல்லி மூன்று தட்டில் இட்லி வைத்தாள். வாசற்கதவைத் தாழிடக்கூட அவளுக்குத் தோன்றவில்லை. மகள் ஒரு விள்ளலை வாயருகே கொண்டுபோனாள். ஏழு மணிச் சங்கு ஊதியது. மரகதவல்லி கண்ணை இமைத்துத் திறந்தாள். நாற்காலி காலி.

உள்ளேயிருந்து கணவர் தணிகாசலம் ஈரத் தலையோடு வந்தார். "அரண்மனைக்குக் கிளம்பிட்டாளா? ஒரு வார்த்தை சொல்லிட்டுப் போனா என்ன, கழுதை!"

சட்டென்று ஐந்து விரல்கள் மரகதவல்லியின் மணிக்கட்டைப் பிடித்தன. கண்ணுக்குத் தெரியவில்லை, ஆனால் வெதுவெதுப்பான விரல்கள். தொடுவதை மறைக்க இன்னும் பொறி வரவில்லை. ஐயோ, சந்தையிலும் பஸ்ஸிலும் இத்தனை வருஷமாக ஏதோ முந்தானையைப் பிடித்து இழுக்கும்; ஆணியில் மாட்டிக்கொண்டது என்று உதறிவிட்டு எத்தனை முறை நடந்திருக்கிறாள்!

"விடமாட்டேன்டி கண்ணு," என்று அழுதபடி அந்தக் கையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டாள். "யாரையும் இனிமே விடமாட்டேன்."

அப்போது அவளுடைய இடது தோளில் வேறொரு கை விழுந்தது. எலும்பும் தோலுமாக, சில்லென்று இருந்தது. அப்புறம் இன்னொன்று. ஒவ்வொன்றாக அவள் எண்ணினாள். மகளுடையதைச் சேர்த்து எட்டு.