இடது பக்கத்து நாற்காலி

கதவைத் திறந்ததும் மகள் முதலில் அதைத்தான் சொன்னாள்.

"அப்பா நடக்காட்டியும் பரவாயில்ல மேடம். இடது பக்கம் திரும்பிப் பார்த்தாப் போதும்."

பிசியோதெரபிஸ்டுக்கு இது புதிதல்ல. மூளையின் வலது பக்கம் ரத்தம் கட்டினால் சிலருக்கு இடது பக்க உலகமே இல்லாமல் போய்விடும். கண்ணில் கோளாறு இருக்காது. கவனம்தான் அந்தப் பக்கம் போகாது. கிழவர் பாதி முகத்தை மட்டும் சவரம் செய்திருந்தார். தட்டின் வலது பாதியை வழித்துத் தின்றுவிட்டு, "இவ்ளோதானா? பட்டினி போட்டே கொல்லப் பாக்குறீங்களா?" என்று எகிறினார். பிசியோதெரபிஸ்டால் சிரிப்பை அடக்க முடியவில்லை.

ஆனால் கொளுத்தும் பகலிலும் கட்டிலின் இடது பக்கம் சில்லென்றிருந்தது. வலித் தைலத்தின் வாடை வேறு. அங்கே கிடந்த நாற்காலியில் உட்காரப் போனாள்.

"அதுல வேண்டாம், அது அம்மாவோடது" என்று மகள் ஸ்டூலைத் தள்ளினாள். அம்மா செத்து வருஷமாகிறதாம்.

பிசியோதெரபிஸ்ட் தினமும் அந்த ஸ்டூலில் இடது பக்கம் உட்கார்ந்து, அவரைத் திரும்பவைக்கச் சாவிக்கொத்தை ஆட்டினாள். கழுத்து கொஞ்சம் கொஞ்சமாக வளைந்து கொடுத்தது. ஒரு மத்தியானம், மகள் சாப்பாட்டுத் தட்டைக் கொண்டுவந்து வைத்த நேரம், கிழவர் முழுசாகத் திரும்பினார்.

"சபாஷ்!" என்று சாவிக்கொத்தைக் கீழே வைத்தாள்.

அவர் பார்த்தது அவளை அல்ல.

"நீயா?"

யாரும் உட்காராத அந்த நாற்காலி கிறீச்சிட்டது.

"என் தலையைத் திருப்பி விடும்மா... கண்ணை மூட முடியலயே!"

பதறிப்போய் அவர் தலையைப் பிடித்துத் திருப்பினாள். அசையவே இல்லை.

மகள் கிசுகிசுத்தாள். "செத்த அன்னைக்கு அம்மா நெஞ்சு வலின்னு விடிய விடியக் கூப்பிட்டிருக்காங்க. பக்கத்து வீட்டுக்கே கேட்டுது. பக்கத்துல படுத்திருந்த இவர் வலது பக்கம் புரண்டு தூங்கிட்டார். அன்னையிலிருந்து அம்மா இங்கதான் உட்கார்ந்திருக்காங்க. நான் தினமும் பாக்குறேன். இவர் மட்டும் வியாதி வந்து தப்பிச்சுட்டார்."

"அடிப்பாவி! அதுக்கா வைத்தியம்னு என்னைக் கூட்டிட்டு வந்தே?"

"இனிமே பார்க்கட்டும்."

பையை வாரிக்கொண்டு எழுந்தவளின் கண்ணில் அந்தத் தட்டு பட்டது.

கிழவர் இன்னும் ஒரு வாய்கூடச் சாப்பிடவில்லை. நாற்காலியை ஒட்டியிருந்த தட்டின் இடது பாதி மட்டும் துடைத்தாற்போல் காலியாகியிருந்தது.