கதவைத் தட்டும் ஒளி

மருந்துக்கடைக்காரர் வந்தபோது மணி மூன்று. ஓர் அட்டைப்பெட்டியை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு வந்தார். கொடுத்த தண்ணீரைக் குடிக்காமல் தம்ளரைக் கையிலேயே வைத்திருந்தார்.

"செத்துப்போன ஒருத்தர் எழுதுறார், மேடம். போய் ஏழு மாசம் ஆச்சு. இப்ப மூணு வாரமா எழுதுறார்."

எதிரே உட்கார்ந்திருந்த அம்மையார் இருபத்தாறு ஆண்டுகள் நீதிமன்றங்களுக்காகக் கையெழுத்துகளையும் கடிதங்களையும் ஆராய்ந்து ஓய்வுபெற்றவர். உடன் வேலை பார்த்தவர்கள் வைத்த 'பூதக்கண்ணாடி' என்ற பெயர் வீடு வரை வந்து ஒட்டிக்கொண்டது. பக்கத்தில் அவருடைய தம்பி, பல் டாக்டர். அக்காவைத் தேடி யாராவது வந்துவிட்டால் கிளினிக்கைப் பூட்டிவிட்டு ஓடி வந்துவிடுவார். பல்வலிக்காரர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டியதுதான்.

"முதல்லேருந்து சொல்லுங்க," என்றார் பூதக்கண்ணாடி.

யார் வேண்டுமானாலும் எழுதித் திருத்தக்கூடிய இணையக் கலைக்களஞ்சியம் ஒன்று. அதில் 'மேல்மாடிக் குடும்பம்' என்ற பழைய கார்ட்டூன் நகைச்சுவைத் தொடருக்கு ஓர் அத்தியாயப் பட்டியல் இருந்தது. அறுபத்திரண்டு அத்தியாயங்கள், ஒவ்வொன்றுக்கும் ஒரு கதைச் சுருக்கம். ஆறு ஆண்டுகளாக அதை எழுதியவர்கள் இரண்டே பேர். ஒருவர் மருந்துக்கடைக்காரர். இன்னொருவர் 'ஆந்தை' என்ற புனைபெயரில் எழுதியவர். இருவரும் நேரில் பார்த்ததே இல்லை. ஏழு மாதங்களுக்கு முன் ஆந்தையின் பயனர் பக்கத்தில் ஒரு வரி வந்தது: 'அண்ணன் போய்விட்டான்.' அத்தோடு சரி.

"இப்ப பட்டியலைச் சிறப்புப் பட்டியலா ஏத்துக்கறதுக்கு மதிப்பாய்வு நடக்குது. நாளை மறுநாள் கடைசி நாள். நான் உட்கார்ந்து வரிவரியாத் திருத்திட்டு வரேன். முப்பத்தேழாவது அத்தியாயத்துல, நான் எழுதாத வரி நிக்குது. எடுத்தேன். மறுநாள் திரும்ப இருந்துச்சு. எல்லாம் ஆந்தையோட கணக்குலேருந்து."

தாளில் எழுதிக் கொண்டுவந்திருந்தார். பல் டாக்டர் உரக்க வாசித்தார்:

"'கதவைத் தட்டும் ஒளி கேட்கிறது. எங்கோ ஒரு பள்ளி கத்துகிறது. கதவுக்குப் பின்னால் ஒரு சிறுமி மெதுவாகச் சிரிக்கிறாள். யாரும் திரும்பவில்லை.'" அவர் குரல் தானாகவே தணிந்தது. "அக்கா, ஒளி எப்படிக் கதவைத் தட்டும்?"

"அதான் எனக்கும் பயமா இருக்கு," என்றார் மருந்துக்கடைக்காரர். "அந்தத் தொடர்ல சிறுமியே கிடையாது. அப்பா, அம்மா, மாமா, ஒரு நாய், அவ்வளவுதான். செத்தவங்க உலகத்துல ஒளிதான் தட்டுமோ என்னமோ."

"வேற யாரோ அவர் கணக்குக்குள்ள புகுந்திருக்கலாமே?" என்று கேட்டார் பல் டாக்டர்.

"அப்படின்னா விதிப்படி அந்தக் கணக்கை நான் பூட்டணும். பூட்டற அதிகாரம் என்கிட்டதான் இருக்கு. மூணு வாரமாக் கை வர மாட்டேங்குது."

"ஏன்?" என்றார் பூதக்கண்ணாடி.

மருந்துக்கடைக்காரர் தம்ளரைக் கீழே வைத்தார்.

"கடைசியா நான் அவருக்குக் கோபமா ஒரு செய்தி போட்டேன். 'கண்ணை மூடிக்கிட்டுத்தான் எழுதுறீங்களா'ன்னு. படத்துல இல்லாத சத்தத்தை எல்லாம் சில சமயம் எழுதுவார், அந்த எரிச்சல். மூணாவது நாள் அந்தச் சாவுச் செய்தி வந்துச்சு."

பூதக்கண்ணாடி அட்டைப்பெட்டியைக் காட்டினார். "அது என்ன?"

"தொடரோட பழைய டிவிடிக்கள். பிரதி எடுத்து வச்சுக்கிட்டு ஆந்தை எனக்குத் தபால்ல அனுப்பினது. திருப்பிக் கொடுக்கணும்னு நினைச்சுக்கிட்டே இருந்தேன். மேலே விலாசம் இருக்கு. போகத் தைரியம் வரல."

முப்பத்தேழாவது அத்தியாயத்தைப் போடச் சொன்னார் பூதக்கண்ணாடி. பல் டாக்டர் மடிக்கணினியைத் திறந்தார். வண்ணவண்ணமான வரவேற்பறை, சோபாவில் அப்பா, நாயோடு மல்லுக்கட்டும் மாமா. கதவு மூடியே இருந்தது. சிறுமி யாரும் வரவில்லை.

"இப்ப திரையைச் சுவர் பக்கம் திருப்பி வச்சுட்டு மறுபடி போடு."

வெறும் சத்தம் மட்டும் அறையில் நிறைந்தது. மாமாவின் உளறல், நாயின் குரைப்பு, கதவைத் தட்டும் ஓசை. பிறகு எங்கோ ஒரு பல்லி கத்தியது. அதன் அடியில், மிக மெல்லியதாக, கையால் வாயைப் பொத்திக்கொண்டு சிரிப்பது போல ஒரு குழந்தையின் சிரிப்பு. இரண்டு விநாடிதான்.

மருந்துக்கடைக்காரர் மடிக்கணினியின் பக்கம் குனிந்தார். "நூறு தடவை பார்த்திருக்கேன். ஒரு தடவைகூடக் கேக்கல."

"நீங்க பார்த்தீங்க. அதனால கேக்கல," என்ற பூதக்கண்ணாடி, டிவிடிப் பெட்டிகளை ஒவ்வொன்றாக எடுத்தார். ஒவ்வொன்றின் மூலையிலும் காய்ந்த கோந்துத் துளிகள் இருந்தன.

"சிந்தியிருக்கு," என்றார் பல் டாக்டர்.

"முதல் பெட்டியில ஒண்ணு, ரெண்டாவதுல ரெண்டு, மூணாவதுல மூணு. இவ்வளவு ஒழுங்காவா கோந்து சிந்தும்?" கண்ணை மூடிக்கொண்டு விரலால் தடவினார். "நாலாவது பெட்டி. சரிதானே? பேரைப் படிக்க முடியாத ஒருத்தருக்காகப் பார்வை இருக்கற ஒருத்தர் வச்ச புள்ளி."

"ஆந்தைக்குக் கண் தெரியாதா?"

"ஆந்தை ஒரு ஆள் இல்ல, ரெண்டு பேர். பழைய சுருக்கங்கள்ல சட்டை நிறம், திரைச்சீலைப் பூவெல்லாம் வந்திருக்கா?" மருந்துக்கடைக்காரர் தலையாட்டினார். "கூடவே சத்தமும் வந்திருக்கு, அது உங்களுக்கு எரிச்சல். ஒருத்தர் பார்த்தார், இன்னொருத்தர் கேட்டார். இந்தப் புது வரிகள்ல சத்தம் மட்டும்தான். ஒரு நிறம்கூட இல்ல. ஆக, பார்த்தவர்தான் போயிட்டார்."

"அப்ப அந்த ஒளி?"

"அதுதான் முக்கியம். ஒலின்னு எழுத வேண்டிய இடத்துல ஒளி. பல்லி பள்ளியாயிடுச்சு. எழுத்துப்பிழை விடுறவங்க அகராதியில இல்லாத வார்த்தையையும் எழுதி வைப்பாங்க. இங்க தப்பான ரெண்டு வார்த்தையும் நல்ல வார்த்தைதான், இடம்தான் தப்பு. மத்தபடி ஒரு ஒற்றுப்பிழைகூடக் கிடையாது. இது கை பண்ற தப்பு இல்ல, காது பண்ற தப்பு. ஒருத்தர் சொல்லச் சொல்ல ஃபோன் எழுதியிருக்கு. எழுதினதைத் திரும்ப வாசிச்சுக் காட்டினாலும் அவங்களுக்கு வித்தியாசம் தெரிஞ்சிருக்காது."

மருந்துக்கடைக்காரர் முணுமுணுத்தார்: "ஒரு எழுத்து மாறினா வேற மருந்துன்னு தினம் பையன்கிட்ட கத்துவேன்."

"'அண்ணன் போய்விட்டான்'னு எழுதினது யாரு? தங்கச்சியோ தம்பியோ. உசிரோட இருக்கற ஒருத்தரைத்தான் நீங்க பூட்ட இருந்தீங்க. கிளம்புங்க, வெளிச்சம் இருக்கும்போதே போயிடலாம்."

அந்த விலாசம் ஒரு பழைய அடுக்குமாடியின் மூன்றாவது தளம். கதவைத் திறந்த பெண்மணிக்கு ஐம்பது வயதிருக்கும். உள்ளே திரைச்சீலைகள் மூடியிருந்தன, ஒரு விளக்கும் எரியவில்லை. அவர் அவர்களுடைய முகங்களுக்கு நடுவே எங்கோ பார்த்தபடி நின்றார்.

"மூணு பேரா?" என்றார். "ஒருத்தர்கிட்ட மருந்து வாசனை வருது."

மருந்துக்கடைக்காரர் தன் புனைபெயரைச் சொன்னார். பெண்மணி கதவைப் பிடித்திருந்த கையை எடுக்கவில்லை.

"கணக்கைப் பூட்டத்தான் வந்தீங்களா?"

"இல்லம்மா. மன்னிப்புக் கேக்க வந்தேன்."

"உங்க கடைசிச் செய்தியை அண்ணன் எனக்கு வாசிச்சுக் காட்டினான். 'ரொம்ப நல்லா இருக்கு, இப்படியே எழுதுங்க'ன்னு எழுதியிருக்கீங்கன்னு சொன்னான். அவன் போனப்புறம் ஃபோனை வாசிக்கச் சொன்னேன். அது வேற மாதிரி வாசிச்சுது."

பல் டாக்டர் தரையைப் பார்த்தார்.

"எனக்கு ஒண்ணு மட்டும் சொல்லுங்க," என்றார் பெண்மணி. "அந்தக் குழந்தை சிரிக்குதா, இல்லையா? அண்ணன் கடைசி வரைக்கும் இல்லைன்னுட்டான். படத்துல ஆள் இல்லைன்னா கதையில இல்லைன்னான். இந்த வீட்டுல தனியா உட்கார்ந்து கேக்கறப்ப, அந்தச் சிரிப்பு டிவியில வருதா, எனக்குப் பின்னாலேருந்து வருதான்னே தெரிய மாட்டேங்குது."

"டிவியிலதான் வருது," என்றார் மருந்துக்கடைக்காரர். "இன்னிக்கு நாங்க மூணு பேரும் கேட்டோம்."

"யாரோட குழந்தை?"

மருந்துக்கடைக்காரர் பூதக்கண்ணாடியைப் பார்த்தார்.

"தெரியலம்மா," என்றார் பூதக்கண்ணாடி. "ஒலிப்பதிவு நடந்த அறைக்குள்ள ஏதோ ஒரு குழந்தை இருந்திருக்கு. யாரும் பேரைப் போடல. அதுக்கு மேல என்னால சொல்ல முடியாது."

பெண்மணி மெல்ல மூச்சுவிட்டார். கதவு முழுதாகத் திறந்தது.

அக்காவும் தம்பியும் உள்ளே போகவில்லை. மருந்துக்கடைக்காரர் மட்டும் செருப்பைக் கழற்றிவிட்டு, டிவிடிப் பெட்டியோடு, இருட்டில் சோபா முனையில் இடித்துக்கொண்டு உள்ளே போனார். படியிறங்கும்போது தொடரின் முகப்பு இசை கேட்டது. அதன் மேல் அவருடைய குரல், மருந்துச்சீட்டை வாசிப்பது போலத் தயங்கித் தயங்கி:

"அம்மா மாடியில துணி காயப்போடுறாங்க. வானத்துல மேகம் இருக்கு."

"எப்படிப்பட்ட மேகம்?" என்றது அந்தப் பெண்ணின் குரல்.

இசை நின்றது.

"கொஞ்சம் பொறுங்க," என்றார் அவர். "நான் அதைக் கவனிக்கல. பார்த்துச் சொல்றேன்."