நாலாவது காலுக்கு ஒரு கல்

நாகர்கோவிலிலிருந்து வைக்கோல் சுற்றி மாட்டுவண்டியில் வந்து இறங்கிய, மண்ணெண்ணெயில் ஓடும் ஐஸ்பெட்டியைப் பார்க்க இராஜாக்கமங்கலமே சத்தியநேசன் வீட்டு முற்றத்தில் கூடிவிட்டது. மறுநாள் மகனுக்கு ஞானஸ்நானம். விருந்துக்கு ஐஸ் போட்ட சர்பத் என்று தேங்காய் வியாபாரியான அவர் ஊர் முழுக்கப் பீற்றி வைத்திருந்தார்.

சாயங்காலமாகியும் பெட்டி குளிரவில்லை.

"தரை சரிவு, முதலாளி," என்றான் மெக்கானிக் முத்துநாயகம். பெட்டிமேல் வைத்த தட்டில் தண்ணீர் ஒரு மூலைக்கு ஒதுங்கி நின்றது. "மட்டமா நிக்காட்டா இது குளிராது. இந்தக் காலுக்கடியில ரெண்டு விரல் கனத்துல ஒரு கல்லு வேணும்."

அப்படியொரு கல் கிணற்றுக்குப் பின்னால் கிடப்பது சத்தியநேசனுக்குத் தெரியும். செத்துப்போன முதல் மனைவி ஜெபகனியின் கல்லறைக்கென்று பெயர் வெட்டி வாங்கியது. வண்டியிலிருந்து இறக்கும்போது உடைந்தது. வேறு வாங்கலாம் என்றார். அதற்குள் ராஜபாயைக் கட்டினார். ஜெபகனிக்கு இன்றும் வெறும் மண்மேடுதான்.

ஒரு துண்டை எடுத்துவந்து, எழுத்து தெரியாமல் கவிழ்த்து, அவரே செருகினார். யாரும் பார்க்கவில்லை. ஆனாலும் கூச்சத்தில் அவருக்குக் காது சுட்டது.

விடியும்போது பெட்டி ஜில்லென்றிருந்தது.

சத்தமே போடாத யந்திரம் அது. அதன் பின்னாலிருந்து மூச்சு கேட்டது.

பாரம் சுமப்பவள் பல்லைக் கடித்து விடும் மூச்சு. அவர் கைகட்டிப் பார்த்திருக்க, நெல்மூட்டை தூக்கும்போது ஜெபகனி இப்படித்தான் மூச்சுவிடுவாள்.

ஈரமண் வாடை.

"கேட்டியளா," ராஜபாய் வாசலில் நின்று கிசுகிசுத்தாள். "யாரு அங்க முக்குறது?"

"ஒண்ணுமில்ல. நீ பிள்ளையப் பாரு."

சொன்னபின் அவமானம் தாங்கவில்லை. ஐஸ் போனால் போகட்டும், ஊர் சிரித்தால் சிரிக்கட்டும். தோளால் பெட்டியை நெம்பிக் கல்லை உருவினார். தோளில் கிடந்த தோர்த்தால் மண்ணைத் துடைத்தார். கல்லறைத் தோட்டத்துக்குக் கொண்டுபோய், அவள் பெயர் தெரிய மேட்டின்மேல் வைத்தார். "மன்னிச்சிரு, பிள்ளே," என்று அழுதார்.

மத்தியானம் ஆலயத்திலிருந்து திரும்பியதும் பெட்டியைத் திறந்தார்.

தட்டு நிறைய ஐஸ்.

மெல்லக் குனிந்து பார்த்தார்.

நாலாவது கால் தரையில் படவில்லை. இரண்டு விரல் உயரத்தில் அந்தரத்தில் நின்றது. பின்னால் அந்த மூச்சு, இப்போது ரொம்பவும் களைத்து.

இறக்கி வை என்று சொல்ல வாயெடுத்தார். முற்றத்தில் விருந்தாளிகளின் பேச்சும் சிரிப்பும் கேட்டன.

"இன்னும் கொஞ்ச நேரந்தான், ஜெபகனி," என்றார்.

"ம்," என்று பதில் வந்தது.