டூகல் ஹெர்னின் பூட்டு

மேற்கு ஆஸ்திரேலியாவின் பில்பராவில், செம்மண்ணில் வாரிக் டோலி வண்டியை நிறுத்தியபோது உச்சிவெயில். மழைக்காலத்துக்காக மூடிய பாலத்து வேலையிடத்தில் ஈ காக்கை இல்லை என்று சொல்ல முடியாது. ஈ நிறையவே இருந்தது. மனிதர்கள்தான் இல்லை.

நாடு முழுக்க அணையும் பாலமும் கட்டுகிற பெரிய கம்பெனி. அதில் வாரிக்கின் முகம் தெரிந்தவர்களை விரல்விட்டு எண்ணிவிடலாம். கான்கிரீட் கலக்கும் இரும்பு உருளையை மறுபடி ஓடவைத்துவிட்டு, சாயங்கால விமானத்தில் அவன் பெர்த் போகவேண்டும். இரண்டு வருடமாகப் பேசாத மகள் கீலி, விமான நிலையத்துக்கு வருகிறேன் என்று சொல்லியிருந்தாள். நினைக்க நினைக்க அவனுக்கு நெஞ்சு நிறைந்தது.

சுவிட்சில் ஒரு சிவப்புப் பூட்டு தொங்கியது.

கழுவ உருளைக்குள் இறங்குகிறவன், யாரும் ஓட்டிவிடாதபடி சுவிட்சை அணைத்து, தன் படம் ஒட்டிய பூட்டைப் போட்டு, சாவியைத் தானே வைத்துக்கொள்வான். பூட்டைக் கழற்ற மறந்து ஊருக்குப் போய்விட்டால், 'நான் வெளியே வந்துவிட்டேன்' என்று அவன் வாயாலேயே ஆபீசுக்குச் சொல்லவேண்டும். அப்புறம்தான் பூட்டை வெட்டலாம்.

வெயிலில் வெளுத்த படத்தில் முகமே இல்லை. பெயர் மட்டும் இருந்தது: டூகல் ஹெர்ன்.

வாரிக் சாட்டிலைட் போனில் பெர்த் ஆபீஸ் லியானைக் கூப்பிட்டான். பல வருடப் பழக்கம், குரலோடு மட்டும்.

"டூகலா? போன சீசனோட போயிட்டாருப்பா. நம்பரும் இல்ல, கேக்க சொந்தக்காரங்களும் இல்ல."

"போயிட்டாருன்னு யாரு சொன்னா?"

"கேம்ப்பே காலி. அவரு மட்டும் அங்க உக்காந்து என்ன பண்ணுவாரு? உள்ள ஒருதரம் பாத்துட்டு வெட்டி விடு. மக காத்துக்கிட்டு இருப்பா, சீக்கிரம் கிளம்புற வழியப் பாரு!"

விதிப்படி வாரிக்கும் தன் பூட்டைப் போட்டிருக்கவேண்டும். அது வண்டியில் சாப்பாட்டுப் பைக்குள் கிடந்தது. ஏற்கெனவே ஒன்று தொங்குகிறதே, அது போதும் என்று சோம்பல்பட்டு உருளைக்குள் தவழ்ந்தான்.

உள்ளே அடுப்பாகக் கொதித்திருக்கவேண்டும். குளிர்ந்தது. ஈரச் சிமென்ட் வாடை. அதற்கடியில் வியர்வை வாடை.

யாரும் இல்லை.

வெளியே, பூட்டில் ஒரு சாவி திரும்பியது.

க்ளிக்.

"யாரது?"

"ஒரு வழியா ஆள் வந்துச்சு." காதோரம் யாரோ கிசுகிசுத்தார்கள். "கொஞ்ச நாள் நீ இருந்துக்கப்பா."

முட்டி தேயத் தவழ்ந்து வாரிக் வெளியே விழுந்தான். அவனுடைய வண்டி தூரத்தில் புழுதி கிளப்பிக்கொண்டு போனது. சுவிட்சில் டூகலின் பூட்டு இல்லை.

வாரிக்கின் பூட்டு இருந்தது.

சட்டைப்பையைத் தடவினான். பூட்டின் சாவி இல்லை. போனை எடுத்தான்.

"லியான், வாரிக் பேசுறேன்! எவனோ என் வண்டிய எடுத்துட்டுப் போறான்!"

"யாருங்க இது?"

"வாரிக்! வாரிக் டோலி!"

"விளையாடாதீங்க. வாரிக் இப்பத்தான் பேசினாரு. வெளிய வந்துட்டேன், மகளப் பாக்கக் கிளம்பிட்டேன்னு. அவருக்கு என்ன சந்தோஷம் தெரியுமா, பாவம்! இத்தன வருஷமாக் கேக்குற குரலு, எனக்குத் தெரியாதா?"

லியான் போனை வைத்துவிட்டாள்.

இத்தனை வருடம் பேசியவளுக்கே தெரியவில்லை. இரண்டு வருடம் பார்க்காத மகளுக்கு மட்டும் தெரிந்துவிடுமா?

வாரிக் பூட்டைத் திருப்பிப் பார்த்தான். படத்தில் அவன் கண்கள் வெளுக்க ஆரம்பித்திருந்தன.