தொகுப்பில் சேராத பக்கம்

சலோமி அம்மா கடற்கதவைத் திறக்க மறுத்துவிட்டார்.

காலை பத்து மணிக்கு ஒரு முறை கேட்டார்கள். பதினொன்றுக்கு மறுபடியும் கேட்டார்கள். இரண்டு முறையும் ஒரே பதில்தான்: “வேண்டாம் மக்களே. படகு வெளியிலேயே நிக்கட்டும்.” எதிரில் இருப்பவர் யாரானாலும் ‘மக்களே’ என்பதுதான் அவர் வழக்கம். மருத்துவர் சலோமி இறந்து எண்பது ஆண்டுகள் ஆகியிருந்தன. பேசியது அவருடைய மனவார்ப்பு.

ஒரு பெரியவர் எழுதியவை, அவரைப் பற்றி மற்றவர்கள் எழுதியவை எல்லாவற்றையும் ஊட்டி, அவர் சிந்திக்கும் விதத்தை அப்படியே வார்த்தெடுத்த எந்திரம் அது. மாவட்டத்துக்கு ஒன்று உண்டு. ஆபத்துக் காலத்தில் வார்ப்பின் சொல்லே இறுதி என்று சட்டம் வந்து பதினாறு ஆண்டுகள் ஆகின்றன. அதிகாரிகள் தவறு செய்வார்கள், மகான்கள் செய்யமாட்டார்கள் என்பது அந்தச் சட்டத்தின் நம்பிக்கை. அதிகாரிகளுக்கும் அது ரொம்ப வசதியாகத்தான் இருந்தது.

முத்தலைத்துறையின் கடற்கதவு, துறைமுக வாயை அடைத்து நீருக்கடியிலிருந்து எழும் எஃகுச் சுவர். வார்ப்பின் குரலுக்கு மட்டும் அது அசையும். சுவருக்கு அப்பால், தீவுகளிலிருந்து வந்த மின்படகு ஒன்று அலையில் ஆடிக்கொண்டிருந்தது. அதில் எழுபத்தொரு பேர். நான்கு பேருக்குத் தீவுக்காய்ச்சல். படகில் மின்சாரம் அநேகமாகத் தீர்ந்துவிட்டதால் தீவுக்குத் திரும்பிப் போகவும் வழியில்லை.

படகின் செவிலி இளவேனி. அவளுடைய அக்கா பூங்கோதை, துறைமுகத்துக்குள் பாலம் ஒன்றால் ஊரோடு இணைந்த திட்டில், வார்ப்பு மண்டபத்தின் மேல்மாடியில், பேசுகருவியைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

“அக்கா, குடிதண்ணி மூணு மணி வரைக்கும்தான் வரும். பிள்ளைங்க அழுதுட்டு இருக்கு. அங்க என்னதான் பண்றீங்க?”

“கேட்டுட்டு இருக்கோம் இளா.”

“கேக்குறதுக்கு என்ன இருக்கு? ‘நோயாளி வந்தால் முதலில் கதவைத் திற, பிறகு கையைக் கழுவு.’ அந்தம்மா சொன்னதுதானே? பள்ளிக்கூடத்துல தினமும் சொல்ல வச்சாங்களே!”

பள்ளிக்கூடத்தில் மட்டுமா? அந்த வாசகம் பேருந்துச் சீட்டின் பின்புறம் இருந்தது, நியாயவிலைக் கடைச் சுவரில் இருந்தது, பூங்கோதை நின்ற அறையின் வாசலிலேயே பொன்னெழுத்தில் இருந்தது. அதைச் சொன்னவரின் மனமே இப்போது கதவைச் சாத்து என்கிறது. ஆட்சியர் இருதயராஜ் கைக்குட்டையால் கழுத்தைத் துடைத்துக்கொண்டு மூன்றாம் முறையாகக் கேட்டார்.

“அம்மா, ஏன்னு மட்டும் சொல்லுங்க.”

“ஊருல நாப்பதாயிரம் பேர், படகுல எழுபத்தொண்ணு. உள்ள விட்டா பத்து நாள்ல ஊருல அறுநூறு பேராவது போயிருவாங்க. நான் போட்ட கணக்கு ஒருநாளும் தப்பினதில்ல மக்களே. என்னப் பத்தின புத்தகம் எதை வேணா எடுத்துப் பாருங்க.”

அந்தப் புத்தகங்களைப் பூங்கோதையைவிட நன்றாகப் பார்த்தவர் யாருமில்லை. வார்ப்புக்காக முந்நூற்றுப் பன்னிரண்டு நூல்களைத் தொகுத்த குழுவின் பதிப்பாசிரியர் அவள்தான்.

பெரியவர்களைப் பற்றி எழுதும்போது நம்மிடம் ஒரு பழக்கம் உண்டு. முகமே தெரியாதபடி மாலை போடுவோம். நூற்றாண்டு மலர், நினைவு மலர், பாராட்டு மலர் என்று மலர் மேல் மலராகச் சாத்துவோம். ‘அவர் ஒருமுறை தவறினார்’ என்று எவனாவது எழுதினால், அவனை ஊரைவிட்டே ஓட்டுவோம். குழுவும் அந்தப் பழக்கத்தில்தான் வேலை செய்தது. சலோமி தம் கையால் எழுதிய பதினான்கு குறிப்பேடுகளில் ஒன்பதாவதில் ஒரு பக்கம் மட்டும் உறுத்தியது. ‘இது வேண்டாமே, அம்மாவின் பெயருக்கு இழுக்கு’ என்றார் தலைவர். பூங்கோதை தலையாட்டினாள். அடுத்த பக்கத்தின் முதல் வரியை வைத்துக்கொண்டு, அந்தப் பக்கத்தைத் தொகுப்பிலிருந்து எடுத்துவிட்டாள்.

அந்த முதல் வரிதான் இன்று பேருந்துச் சீட்டில் இருக்கிறது.

“சார், ஒரு பக்கத்தை அம்மாகிட்ட படிச்சுக் காட்டணும்.”

“என்ன பக்கம்?”

“தொகுப்புல சேராதது. சேர்க்காம விட்டது நான்தான்.”

இருதயராஜ் அவளை ஏற இறங்கப் பார்த்தார். “குழு அனுமதியில்லாம வார்ப்புக்கு எதையும் ஊட்டினா ஏழு வருசம் உள்ள போகணும். தெரியும்ல? அதுவும் உங்க தங்கச்சி அந்தப் படகுல. தங்கச்சிக்காக வார்ப்பையே கெடுத்துட்டான்னு ஊர் பேசும்.”

“பேசட்டும் சார். அது பொய்யும் இல்லையே.”

அவர் வாசலை மறித்து நின்றார். பேசுகருவியில் யாரோ ஒரு கிழவர் இருமுவது கேட்டது. இருதயராஜ் ஒதுங்கினார்.

குறிப்பேடு கீழ்த்தளக் காட்சிப்பேழையில் இருந்தது. பூங்கோதை படியிறங்கி ஓடி, பேழையைத் திறந்து, மூச்சு வாங்க மேலே வந்தாள். எழுத்து பென்சிலில் மங்கியிருந்தது. வார்ப்பின் முன் நின்று படித்தாள்.

“‘இன்று மருத்துவமனை வாசலில் பத்தொன்பது பேர் வந்து நின்றார்கள். எல்லோருக்கும் வாந்திபேதி. உள்ளே முப்பது கட்டில், முப்பது நோயாளிகள். இவர்களையும் விட்டால் எல்லோரும் சாவார்கள் என்று கணக்குப் போட்டேன். வாசலைச் சாத்தச் சொன்னேன். மாலைக்குள் புளியமரத்தடியில் பதினொரு பேர் இறந்துபோனார்கள். ஒருத்தி கடைசிவரை கதவைத் தட்டிக்கொண்டே இருந்தாள். என் கணக்கில் பிழையில்லை. பிழையில்லாத கணக்கால் பதினொரு பேரைக் கொன்றேன்.’”

வார்ப்பைக் குளிர்விக்கும் குழாய்களில் தண்ணீர் ஓடும் சத்தம் மட்டும் கேட்டது. ஒரு நிமிடம் போனது. நான்கு நிமிடம் போனது. கேள்வி முடியுமுன்னே பதில் சொல்லும் எந்திரம் இவ்வளவு நேரம் பேசாமல் இருந்ததை இருதயராஜ் பார்த்ததே இல்லை.

“இந்தப் பக்கத்த எடுத்தது யாரு மக்களே?”

“நான்தாம்மா.”

“எதுக்கு?”

“உங்களைப் பெரியவங்களாக் காட்டுறதுக்கு.”

“நல்லாக் காட்டினே போ.” குரலில் கோபம் இல்லை, களைப்பு இருந்தது. “அந்தப் பதினொரு பேரையும் எடுத்துட்டா, கணக்குத் தெரிஞ்ச பொம்பளை ஒருத்திதான் மிஞ்சுவா. காலையில இருந்து உங்ககூட பேசினது அவதான்.”

“அப்போ திறக்கச் சொல்றீங்களா?” என்று இருதயராஜ் அவசரமாகக் கேட்டார்.

“நான் சொல்லமாட்டேன். ஒருதடவ சாத்தினேன், பதினொரு பேர் போனாங்க. அந்தப் பயத்துல திறன்னு சொல்லி அறுநூறு பேரக் கொல்லலாமா? எனக்கு வலிக்க உடம்பும் இல்ல, வாசலுக்கு வெளிய எனக்குன்னு ஒருத்தரும் இல்ல. அன்னிக்கும் எனக்கு யாரும் இல்ல. அதான் அவ்வளவு சுலபமாச் சாத்தினேன். இவ தங்கச்சி அங்க இருக்கா, வீடு ஊருக்குள்ள இருக்கு. இவ சொல்லட்டும். இவ சொல்றத நான் கதவுக்குச் சொல்றேன்.”

காலையிலிருந்து ‘திற, திற’ என்று மனசுக்குள் கத்திக்கொண்டிருந்தவள்தான் பூங்கோதை. இப்போது ஜன்னல் பக்கம் திரும்பினாள். வெளியே, பாலத்துக்கு அப்பால், ஊர் தெரிந்தது. பள்ளிக்கூடத்தில் மதிய உணவு வரிசை நின்றது. அவள் மகனும் அதில் எங்கோ தட்டேந்தி நிற்பான். மற்றவர் முடிவெடுக்கும்போது குற்றம் சொல்வது எவ்வளவு லேசு! அவளுக்கு அழுகை வந்தது.

“அக்கா!” பேசுகருவி கரகரத்தது. “இங்க ஒரு குழந்தைக்கும் காய்ச்சல் வந்துருச்சு. ஏதாவது ஒண்ணு சொல்லு. முடியாதுன்னாலும் சொல்லு, நான் இவங்கள ஏமாத்திட்டு இருக்க முடியாது.”

பூங்கோதை கண்ணைத் துடைத்தாள்.

“சார், இந்தக் கட்டடத்துக்கும் ஊருக்கும் நடுவுல எத்தனை வழி?”

“ஒரே பாலம்தான். ஏன்?”

“பாலத்தை மூடிடுங்க. படகு இந்தப் பக்கப் படித்துறைக்கு வரட்டும். கீழ ரெண்டு தளமும் காலியாத்தான் கிடக்கு, சிலையும் படமும்தான். எழுபத்தொரு பேருக்கும் இடம் இருக்கு. மருந்தையும் சாப்பாட்டையும் பறக்குற எந்திரம் வச்சுப் போடச் சொல்லலாம். காய்ச்சல் ஊருக்குள்ள போகாது.”

“தண்ணி? இங்க வர்ற நல்ல தண்ணியும் கரண்டும் பூராவும் வார்ப்போட குளிர்விப்புக்கே போகுதே.”

பூங்கோதை எந்திரத்தைப் பார்த்தாள்.

“என்னை நிறுத்திரு மக்களே,” என்றது சலோமியின் குரல். “கதவ மட்டும் திறந்துட்டுப் போறேன்.”

தூரத்தில் எஃகுச் சுவர் முனகிக்கொண்டு நீருக்குள் இறங்கியது. படகிலிருந்து எழுந்த கூச்சல் கருவியில்லாமலே கேட்டது. குழாய்களின் சத்தம் தேய்ந்து, பிறகு நின்றுபோனது.

“நீங்க பாலத்தைத் தாண்டிப் போயிடுங்க சார்,” என்றாள் பூங்கோதை. “படகு இதோ வந்துரும். அப்புறம் யாரும் வெளிய போக முடியாது.”

இருதயராஜ் பையை எடுத்தார். வாசல்வரை போனார். அப்போது அவருடைய கருவி அடித்தது. தலைநகரிலிருந்து.

“கதவு திறந்திருச்சுன்னு இங்க காட்டுதே. வார்ப்பு என்ன சொல்லிச்சு?”

“வார்ப்பு முடிவு எதுவும் சொல்லலைங்க. அதை நிறுத்தியாச்சு.”

“நிறுத்தியாச்சா? அப்போ திறக்கச் சொன்னது யாரு?”

இருதயராஜ் திரும்பிப் பார்த்தார். பூங்கோதை ஒரு வாளியைத் தூக்கிக்கொண்டு படித்துறைக்கு இறங்கிக்கொண்டிருந்தாள்.

“நாங்கதான் சொன்னோம்.”

“நாங்கன்னா? குறிச்சுக்கணும். பேரைச் சொல்லுங்க.”

பதினாறு வருடப் பதவியில் எந்த முடிவுக்கும் அவர் பெயரை ஒருவரும் கேட்டதில்லை. படகு படித்துறையில் இடிக்கும் சத்தமும், கைகொடுக்கச் சொல்லி யாரோ கத்துவதும் கீழேயிருந்து கேட்டன.

அவர் பையைக் கீழே வைத்துவிட்டு, தன் பெயரை எழுத்தெழுத்தாகச் சொல்லத் தொடங்கினார்.